நான் குதிச்சும் அசையாத கோடு

பேய், பிசாசுன்னு எவனாவது பேச ஆரம்பிச்சா நான் எந்திச்சுப் போயிருவேன் வே. நில அதிர்வு படிச்சவன் நான். எது அசைஞ்சாலும் அதுக்கு ஒரு காரணம் உண்டுன்னு சொல்லித்தான் சம்பளமே வாங்குதேன். நீரு இதக் கேட்டுச் சிரிப்பீருன்னு தெரியும். சிரிச்சுக்கிடும், ஆனா முழுசாக் கேட்டுட்டுச் சிரியும்.

கோமதிநாயகம்னு ஒருத்தன். நானும் அவனும் சங்கரன்கோவில்ல ஒரே தெரு, ஒரே காலேஜ், ஒரே வேலை. நம்ம பக்கம் பெருசா பூகம்பம் வராது, ஆனா எப்பவாவது வீட்டுல பாத்திரம் கடகடன்னு ஆடும்லா, அந்த மாதிரி அதிர்வு எவ்வளவு பெருசுன்னு அளக்க வெளிநாட்டுக் கணக்கு சரிவராது. அவங்க பாறை வேற, நம்ம பாறை வேற. நம்ம பாறைக்குத் தக்கன அந்தக் கணக்கத் திருத்தி அவன் ஒரு ஆராய்ச்சிக் கட்டுரை போட்டான். அவ்வளவுதான், அங்க பேசக் கூப்பிடுதாங்க, இங்க பேசக் கூப்பிடுதாங்க, டிவில வாரான், எங்க மாமனாரே என்கிட்ட "நாயகம் தம்பி மாதிரி நீங்களும் ஏதாவது எழுதலாம்லா மாப்ள"ங்காரு. அதுக்கு வேண்டிய பதிவுல பாதி எங்க இருந்து வந்துச்சு? குருவிகுளம் ரோட்டுல, ஊருக்கு வெளிய, நான் வெயில்ல அலைஞ்சு பாறை தேடிக் கட்டுன அதிர்வு அளக்குத ஸ்டேஷன்ல இருந்து. எனக்குக் கடைசில நன்றின்னு ஒரு வரி. வயிறு எரிஞ்சுது வே, மறைக்க என்ன இருக்கு, இப்பவும் எரியுது.

அடுத்த கட்டுரைல என் பேரையும் சேத்துக்கிடுதேன்னான். ஸ்டேஷன் ஒழுங்கா வேலை செய்யுதான்னு நான் சோதிச்சுக் காட்டிட்டாப் போதும். சின்ன வேலைதான் அது, தரையில பதிச்சிருக்க சென்சாருக்குப் பக்கத்துல ஒரு ஆளு குதிக்கணும், இன்னொரு ஆளு லேப்டாப்ல கோடு எகிறுதான்னு பாக்கணும். ஊருக்குள்ள தறி ஓடுனா அந்த அதிர்வு அங்கன வரைக்கும் லேசா வரும், அதனால மாசாமாசம் கரண்டு நிறுத்துவாம்லா, அன்னைக்குப் போனோம். தறியெல்லாம் நின்னுருச்சு, மெஷின் பேட்டரில ஓடுது, கோடு நூல் பிடிச்ச மாதிரி நேராப் போவுது. பட்டப்பகல், நல்ல வெயிலு.

நான் ஸ்டேஷன் ரூமுக்குள்ள போயிக் குதிச்சேன்.

"ஏலே, என்னலே செய்யுத உள்ள? குதிலே!"ன்னு வெளிய வேப்பமரத்தடில உக்காந்துக்கிட்டுக் கத்துதான் நாயகம்.

"குதிச்சுட்டேன்லே!"

"விளையாடாத மக்கா, கோடு அசையவே இல்ல."

தொம்மு தொம்முன்னு குதிச்சேன். அவன விட நான் நல்ல கனம். கால் உளைஞ்சுபோச்சு, ஒண்ணும் இல்ல. மெஷின் கெட்டுப்போச்சுன்னு அவன் எந்திச்சு உள்ள வந்தான், நான் வெளிய போயி லேப்டாப்பப் பாக்கேன், அவன் எடுத்து வைக்க ஒவ்வொரு எட்டும் அதுல பல்லுப் பல்லா விழுந்து கிடக்கு. வயரு, மட்டம் எல்லாம் பாத்தாச்சு, எல்லாம் சரியா இருக்கு. பெறவு ரெண்டு பேரும் ஒண்ணாக் குதிச்சோம், ஒரு ஆளு குதிச்ச அளவுக்குத்தான் எகிறியிருக்கு. நம்புனா நம்பும், இல்லாட்டி விடும், எனக்குப் பயம் வரல வே, ஆத்திரம்தான் வந்துச்சு. அடப்பாவி, பூமிக்குக்கூட இவனத்தான் பிடிச்சிருக்கான்னு.

அவன் சிரிச்சுக்கிட்டே டீ வாங்கிட்டு வாரேன்னு பைக்க எடுத்துட்டுப் போயிட்டான். நான் லேப்டாப்பத் தூக்கிட்டு உள்ள வந்து, சென்சார ஒட்டித் தனியா உக்காந்தேன். கொஞ்ச நேரத்துல கோடு லேசா எகிறுச்சு. திரும்பவும் எகிறுச்சு. ஒண்ணு பெருசு, அடுத்தது சிறுசு, ஒண்ணு பெருசு, அடுத்தது சிறுசு. நாயகம் ஒரு தடவ பைக்ல இருந்து விழுந்ததுல இருந்து வலது கால அமுக்கித்தான் நடப்பான். அவன் நடைதான் அது, பாத்ததுமே தெரிஞ்சுபோச்சு. வாசல்ல யாரும் இல்ல. அந்நேரம் பாத்து போன் அடிக்கி, நாயகம்தான், பின்னால டீக்கடைல கிளாஸ் கழுவுத சத்தம் கேக்கு.

"மக்கா, ஒனக்குச் சீனி போடச் சொல்லவா வேண்டாமா?"

கோடு பெருசாயிக்கிட்டே வருது, பெருசானா பக்கத்துல வருதுன்னு அர்த்தம். ரொம்பப் பெருசாயி, பொசுக்குன்னு நின்னுபோச்சு. சென்சாருக்கு அவ்வளவு பக்கத்துல ஒரு ஆளுக்குத்தான் வே இடம், அங்கன நான் உக்காந்திருக்கேன். எல்லாத்தையும் போட்டுட்டு வெளிய ஓடியாந்தேன். நான் ஓடுனதுகூடப் பதியல, பெறவு பாத்தேன்.

கட்டுரை வந்துச்சு. ஸ்டேஷன் அருமையா வேலை செய்யுதுன்னு அன்னைக்குள்ள பதிவையே படமாப் போட்டிருந்தான். என் பேரு திரும்பவும் நன்றிலதான் கிடந்துச்சு. கேட்டா, "பதிவுல நீ இல்லியே மக்கா, நான் எப்படிலே போட?"ங்கான். அவன் சொன்னதுல பொய் இல்ல, அதத்தான் என்னால தாங்க முடியல.

அதோட போச்சுன்னுதான் நினைச்சேன். இப்ப எங்க வீட்டுக்காரி தினமும் என்னப் பாத்துத் திடுக்குன்னு பதறுதா. "அய்யோ, எப்ப வந்திய? சத்தமே கேக்கலியே"ங்கா. செருப்பத் தேச்சுத் தேச்சு நடந்துகூடப் பாத்துட்டேன். போன வாரம் அடுப்படில அவ வெங்காயம் அரியுதா, நான் அவளுக்குப் பின்னால நிக்கேன். அவ அண்ணேன்னு கூப்பிடுத நாயகம் அப்ப ஜப்பான்ல இருக்கான், அங்கயும் பேசக் கூப்பிட்டாங்களாம். இவ அரியுதத நிறுத்திட்டு வாசப் பக்கம் காதக் குடுத்தா, முகமெல்லாம் சிரிப்பு.

"வாங்கண்ணே, உக்காருங்க. அவிய இன்னும் வீட்டுக்கு வரல"ன்னா.