ஐந்தாம் சுற்றில் ஒரு வளைவு

தண்ணீர் ஏற்றும் நிலையத்தில் பதினாறு படி கீழே இறங்கினால் வண்டிச் சக்கரம் அளவுக்கு ஒரு வட்டக் கல் கிடக்கும். அதற்குக் கீழே இருப்பதற்குக் கோப்புகளில் 'பொருள்' என்று பெயர். ஊர்க்காரர்கள் வாயில் வெறும் 'அது'. எழுபது வருஷத்துக்கு முன்னால் அது ஒரு தடவை வெளியே வந்து, மூன்று தெருக் கூரைகளைப் பாய் சுருட்டுவதுபோலச் சுருட்டிக்கொண்டது. அன்றைக்கு அதை உள்ளே தள்ளிக் கல்லால் மூடி, கல்லின் மேல் எழுதிய பூட்டுக்குறிதான் இன்றுவரை அதைப் பிடித்துவைத்திருக்கிறது. கூரைகள் திரும்பி வரவில்லை. மனு நிலுவையில் இருக்கிறது.

பூட்டுக்குறி வருஷத்துக்கு ஒரு முறை வெளிறிவிடும். பழையதைக் கழுவிவிட்டுப் புதிதாக எழுத வேண்டும். எழுத ஒரு நிரந்தர ஊழியர் உண்டு. அவரை ஊரில் 'ஒத்தக்கோடு' என்பார்கள். விளிம்பில் தொடங்கி நடுப்புள்ளி வரை ஏழு சுற்று, கையெடுக்காமல் ஒரே கோடு. சுண்ணாம்பும் எண்ணெயும் குழைத்த பசையில் இடது கட்டைவிரலை முக்கி எழுத ஏழு நிமிடம் பிடிக்கும். கல்லைக் கழுவிய பிறகு அது விழித்துக்கொள்ள இருபது நிமிடம் ஆகும். அரசாங்கக் கட்டடத்தில் இத்தனை வருஷம் குடியிருக்கும் பொருள், உடனே எழுந்து வந்துவிடுமா என்ன?

ஒத்தக்கோடு கையெழுத்துப் போடுவதும் பேனா எடுக்காமல்தான். ஆரஞ்சுப் பழத்தைத் தோல் அறுபடாமல் ஒரே நாடாவாக உரிப்பார். இவ்வளவு ஒழுங்கான மனுஷர், வேலைக்குச் சேர்ந்த முதல் வருஷம், ஐந்தாம் சுற்றில் தும்மிவிட்டார். சுண்ணாம்புத் தூள் மூக்கில் ஏறியதுதான் காரணம். கோடு அறுபடவில்லை. ஆனால் மூக்கு அளவுக்கு வெளியே வளைந்துவிட்டது. பார்க்க ஆளில்லை. அவர் மிச்சத்தை எழுதி முடித்து, கை கழுவி, மேலே வந்து சாப்பிட்டார்.

விதிப்புத்தகத்தில், 'கை நடுங்கும் ஊழியர் அன்றே விலக்கப்படுவார்' என்று ஒரு வரி உண்டு. விலக்கினால் நிலையத்தின் மாடியில் இருக்கும் வீடும் போகும். மறு வருஷம் கோட்டை நேராக எழுதலாமா என்று யோசித்தார். வளைவோடு எழுதியதில் ஒரு வருஷம் அமைதியாகப் போயிருக்கிறது, எதற்கு வம்பு? மெனக்கெட்டு அதே இடத்தில் அதே வளைவைப் போட்டார். அப்படியே பத்தொன்பது வருஷம் ஓடியது. மனைவியிடம்கூட மூச்சு விடவில்லை.

இருபதாம் வருஷம் ஆய்வாளராக வந்து நின்றது அவர் மனைவியின் தம்பி.

"அத்தான், இது என்ன முட்டி போட்ட மாதிரி ஒரு வளைவு? புத்தகத்துல இல்லையே."

"வழக்கமா அப்படித்தான் மாப்ள."

"யாரு வழக்கம்?"

ஒத்தக்கோடு பசையைக் குழைத்துக்கொண்டே இருந்தார்.

"படத்துல இருக்கறபடி எழுதுங்க. நாளைக்கு, அக்கா புருஷன்னு விட்டுட்டான்னு என்னைப் பேசுவாங்க."

கல்லைக் கழுவியானது. மச்சான் டேப்பை விரித்துக் குறுக்கிலும் நெடுக்கிலும் அளந்தார். அளந்ததை மறுபடி சரிபார்த்தார். நாலு நிமிடம் அதிலேயே போனது. பிறகு ஒத்தக்கோடு எழுதினார், புத்தகத்தில் உள்ளபடி, வளைவில்லாமல். எழுதி முடித்ததும் கல் லேசாக முனகியது. மச்சானின் பதிவேட்டுத் தாள்கள் காற்றே இல்லாமல் புரண்டன. மேலே ஜன்னல் கம்பிகள் அதிர்ந்தன. ஐந்தாம் சுற்றில், வழக்கமாக வளைவு வரும் இடத்தில், பசை செதில் செதிலாக உதிர்ந்தது.

சத்தம் கேட்டு மனைவி பிளாஸ்க்கோடு படியிறங்கி வந்தாள். கல்லைப் பார்த்தாள், தம்பியைப் பார்த்தாள்.

"உங்க தும்மலை எங்க காணோம்?" என்றாள் புருஷனிடம்.

"உனக்கு எப்படி…"

"பத்தொன்பது வருஷமா இந்தப் படியை யார் பெருக்கறா? மாவு சலிச்சா ஏழு தும்மல் போடற ஆளு நீங்க."

"அக்கா, என்ன தும்மல்?"

ஒத்தக்கோடு வீட்டை நினைத்தார். ஊரின் கூரைகளையும் நினைத்தார். "மொத வருஷம் தும்மிட்டேன் மாப்ள. கை ஆடிடுச்சு. மறைச்சிட்டேன். எழுதிக்கோ," என்றார்.

மச்சான் எழுதவில்லை, டார்ச்சைப் பிடித்தார். உதிர்ந்த இடத்தில் முடி கனத்துக்கு ஒரு விரிசல் ஓடியது. ஈரம் காய்ந்தால்தான் கண்ணுக்குத் தெரியும். வழக்கமாகக் காய்வதற்குள் எழுதி முடித்துவிடுவார்கள். இன்றைக்கு டேப் புண்ணியத்தில் காய்ந்திருந்தது. நேர்க்கோடு அந்த விரிசலின் மேலேயே போயிருந்தது. பழைய வளைவோ அதைச் சுற்றிக்கொண்டு போகும்.

"எவ்வளவு நேரம் இருக்கு அத்தான்?"

"எட்டு நிமிஷம்."

ஒரு நிமிடத்தில் கழுவினார்கள். மச்சானும் முழங்கால் மடக்கித் துடைத்தார், உத்தியோகச் சட்டையோடு. ஒத்தக்கோடு எழுதினார். ஐந்தாம் சுற்றில் கட்டைவிரல் தானாக வெளியே வளைந்து உள்ளே வந்தது. நடுப்புள்ளியைத் தொட்டபோது கல் முனகலை நிறுத்தியது.

"விலக்கிடுவாங்களா?" என்று கேட்டாள் அக்கா.

மச்சான் புத்தகத்தைப் புரட்டினார். "நடுக்கம்னுதான் போட்டிருக்கு. தும்மலைப் பத்தி ஒரு வார்த்தை இல்லையேக்கா."

பத்தொன்பது வருஷம் பயந்த மனுஷர் படியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

மச்சான் உள்ளதை உள்ளபடி அறிக்கை எழுதினார். விரிசலைப் பற்றி மூன்று பக்கம், தும்மலைப் பற்றி ஒரு வரி. தலைமை அலுவலகம் அந்த ஒரு வரியைப் படித்தது. ஆறு மாதத்தில் சுற்றறிக்கை வந்தது: இதுபோல் கல் உள்ள பதினான்கு நிலையங்களிலும் குறி எழுதும் ஊழியர்கள் ஐந்தாம் சுற்றில் தும்ம வேண்டும். இணைப்பு: மூக்குப்பொடி, ஒரு பொட்டலம்.

இந்த வருஷம் ஒத்தக்கோடு பொடியை இழுத்துவிட்டு எழுத உட்கார்ந்தார். ஐந்தாம் சுற்று வந்தது, தும்மல் வரவில்லை. விரல் மட்டும் வழக்கம்போல வளைந்து போய்வந்தது. மச்சான் பேனாவை உயர்த்திப் பிடித்துக் காத்திருந்தார்.

படியில் நின்ற மனைவி முந்தானையை மூக்கில் வைத்து, 'அச்' என்றாள்.

'தும்மல்: உண்டு' என்று மச்சான் குறித்துக்கொண்டார். யாருடையது என்று கேட்கும் கட்டம் படிவத்தில் இல்லை.