தவக்காலமும் ஆடியும் தள்ளிப்போட்ட பத்திரம்

எழுதிப் பழக்கமில்லாத கை. ஐந்தாம் வகுப்போடு நின்றவள், மறதியும் உண்டு. முன்பின் மாறியிருந்தால் உறவினர்கள் பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் அண்ணன் பிறந்தது காரைக்கால்மேட்டில். அப்பா போனபின் தலத்தெருவில் வாடகைக்கு இருந்து, தையல் மெஷின் மிதித்து அம்மாவையும் என்னையும் காப்பாற்றினார். வீட்டுக்காரர் போகச் சொன்னால் மெஷினைத் தூக்கிக்கொண்டு அடுத்த வீடு. "உனக்குப் பந்தல் நம்ம சொந்த வாசல்லதான்" என்று எனக்கு வாக்குக் கொடுத்திருந்தார்.

எழுபதுகளின் கடைசியில் கோட்டுச்சேரி ஐயா ஒருவர் தலத்தெருவிலிருந்த தம் மனையை அண்ணனுக்கு விற்றார். பத்திரத்தில் கையெழுத்தும் ஆயிற்று. ரிஜிஸ்தர் ஆபீஸுக்குப் போவதுதான் பாக்கி. தவக்காலம், ஈஸ்டர் பாஸ்கா கழியட்டும் என்றார் அண்ணன். பாஸ்கா கழிந்ததும் அக்னி நட்சத்திரம், ஆகாது என்றார் ஐயா. அப்புறம் அவர் வீட்டுக் கல்யாணம். அப்புறம் ஆடி. ஆவணியில் ஐயா நல்ல நாள் பார்த்து வந்து நின்றால், அண்ணன் வேளாங்கண்ணிக்கு நடந்து போயிருந்தார். திரும்பி வந்தால் புரட்டாசி. கடைசியில் இருவரும் சிரித்துப் பேசிக்கொண்டே ஆபீஸுக்குப் போனார்கள். கெடு முடிந்துவிட்டது, இந்தப் பத்திரம் செல்லாது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

புதிதாக எழுதியிருக்கலாம். அதற்குள் மனை விலை ஏறிவிட, ஐயாவின் மருமகன் குறுக்கே நின்றார். வழக்கு கோர்ட்டுக்குப் போயிற்று. என் கல்யாணமும் அதோடு நின்றது.

வாய்தாவுக்கு ஐயா வருவது அண்ணன் தைத்த சட்டையில்தான்.

"உன்னை எதிர்த்து நிக்கவும் உன் சட்டைதான் தம்பி. வேற எவன் தச்சாலும் கக்கத்துல புடிக்குது."

"இன்னும் கொஞ்சம் லூசா தச்சுத் தர்றேங்க ஐயா. கையைத் தூக்கி சத்தியம் பண்ணணுமுல்ல?"

மருமகன் பல்லைக் கடிப்பாராம்.

சாட்சி சொல்லும் நாள் வந்தது. கையெழுத்து தம்முடையது இல்லை என்று ஐயா சொல்ல வேண்டுமென்பது மருமகன் ஏற்பாடு. ஐயா கூண்டில் ஏறி, "என்னுதுதாங்க. நாங்க ரெண்டு பேரும் நல்ல நாள் பார்த்தே கெட்டோம்" என்றாராம். நீதிபதியே சிரித்துவிட்டார். ராஜி ஆயிற்று.

நாளைக்கே புதுப் பத்திரம் பதிந்துவிடலாம் என்றார் வக்கீல்.

"நாளைக்கு அஷ்டமிங்க" என்றார் ஐயா.

"தவக்காலம் வேற" என்றார் அண்ணன்.

வக்கீல் தலையில் கைவைத்துக்கொண்டார். ஐயாதான் அண்ணன் தோளைத் தட்டினார். "போதும் தம்பி. தங்கச்சி கழுத்துல தாலி ஏறட்டும். அஷ்டமிய நான் பார்த்துக்கறேன், தவக்காலத்த நீ பார்த்துக்க."

இதையெல்லாம் அண்ணன் எங்களுக்கு நடித்துக் காட்டுவார். அம்மா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார்.

மறுநாளே பத்திரம் பதிந்தாயிற்று. பாஸ்கா கழிந்து அந்த வெறும் மனையில் பந்தல் போட்டோம். பந்தியில் அந்த மருமகன் பாயசத்தை மறுபடி கேட்டு வாங்கிக் குடித்தார். வீடு பின்னால்தான் எழும்பியது. அந்த வீட்டிலேயே, தம் மெஷினுக்குப் பக்கத்தில், அண்ணன் தூக்கத்தில் ஆண்டவரிடம் போய்ச் சேர்ந்தார்.

கூட இருந்து பார்த்துக்கொண்ட பக்கத்து வீட்டாருக்கும், பெட்டிக்குத் தோள் கொடுத்த ஐயாவின் பேரன்களுக்கும் என் நன்றி. பதிந்த அன்று அஷ்டமியா நவமியா என்று எனக்குச் சந்தேகம். அண்ணன் கதை சொல்லும்போதெல்லாம் மாற்றிச் சொல்வார். ஐயாவின் மகளிடம் யாராவது கேட்டு, தப்பாயிருந்தால் திருத்திவிடுங்கள்.