அங்கம்மா தட்டிய தட்டும் நான் உறைய வைத்த பாலும்

என் பெண்டாட்டி அங்கம்மாவைப் பற்றி எழுத, இந்த ஜொகூர்ப் பக்கத்துக் கூலாய் வட்டாரத்தில் என்னைவிட லாயக்கானவன் கிடையாது. நான் படித்தது தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் இரண்டாம் வகுப்பு. அதிலும் பாதி நாள் வாத்தியாருக்குக் காய்ச்சல். இருந்தாலும் இன்றைக்கு 'கனகராஜ் லாரி' எங்கே என்று கேட்டால் சாஆவிலிருந்து தம்போய் வரைக்கும் வழி சொல்வார்கள். எல்லாம் நானே சம்பாதித்தது. இப்படி நான் யாரிடமாவது சொல்லும்போது அங்கம்மா அடுப்படியிலிருந்து "க்கும்" என்று ஒரு சத்தம் கொடுப்பாள். அந்தச் சத்தத்திலும் ஒரு சுதி இருக்கும். அவள் சங்கதியே அதுதான்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்தேழு. ரப்பருக்கு நல்ல காலம். எங்களுக்குக் கல்யாணமாகி ஆறேழு மாதம். அவள் பால்வெட்டு, நான் ஸ்டோர். ஸ்டோர் என்றால் சும்மா இல்லை. நிரையிலிருந்து, அதாவது மரவரிசையிலிருந்து, வருகிற பாலைத் தொட்டியில் ஊற்றி, ஆசிட் கலந்து, உறைய வைத்து, உருளையில் கொடுத்துத் தகடாக்கி எடுக்க வேண்டும். பால் எப்போது உறையும், எவ்வளவு உறையும் என்று தொரைக்கே நான்தான் சொல்லவேண்டும்.

அந்தக் காலத்து மங்கு, அதாவது மரத்தில் பால் பிடிக்கிற கிண்ணம், சீனர்கள் சூளையில் கையால் வனைந்து மெருகு போட்டுச் சுட்டது. ஒன்று போல ஒன்று இருக்காது. ஒன்றைத் தட்டினால் 'டிங்' என்னும், அடுத்தது 'டொங்' என்னும். ஊரெல்லாம் அதில் பாலைத்தான் பார்த்தது. அங்கம்மா ஒருத்திதான் காதை வைத்தாள். பாலை வாளியில் சேர்த்த பிறகு, காலி மங்குகளை மரத்துக்கு மரம் மாற்றி மாற்றி வைத்து, ஒரு நிரை முழுக்கச் சத்தம் படிப்படியாக ஏறுகிற மாதிரி அடுக்கிவிட்டாள். கையில் ஒரு குச்சி. நிரையோடு ஓடிக்கொண்டே தட்டினால் கும்மிப் பாட்டு வரும். திரும்பி ஓடினால் அதே பாட்டு தலைகீழாக வரும். வெட்டுக்காரப் பெண்கள் வாளியை வைத்துவிட்டு ஆட ஆரம்பித்துவிடுவார்கள்.

ச, ரி, க எல்லாம் அவளுக்குத் தெரியாது. அவள் வைத்த பெயர் வேறு. அடியில் இருக்கிற கனத்த சத்தம் 'எருமை'. அதற்கு மேலே 'கங்காணி'. அதற்கு மேலே நான். அப்புறம் 'ஆட்டுக்குட்டி', 'ரயிலு', 'கொழுந்தியா'. உச்சியில் கீச்சென்று கேட்பது 'கொசு'.

கங்காணி வேலு ஒருநாள் பார்த்துவிட்டார். பெரிய தலைப்பாகை, பெரிய மீசை, அதைவிடப் பெரிய தொண்டை.

"ஏய் அங்கம்மா! என் மங்குக்கெல்லாம் காலு முளைச்சிருச்சா? நேத்து இந்த மரத்துல இருந்தது இன்னைக்கு அந்த மரத்துல நிக்குது?"

"அதுக இடம் மாறிக் குடித்தனம் பண்ணுது, கங்காணி ஐயா. பாலு கொறைஞ்சா கேளுங்க."

பால் குறையவே இல்லை.

எங்கள் தொழிலாளர் லயத்துக்குப் பக்கத்துக் கம்பத்தில், அதாவது மலாய்க் கிராமத்தில், வாக் கர்த்தோ என்று ஒரு ஜாவாக்காரர் மாட்டு வண்டி ஓட்டிக்கொண்டிருந்தார். அவர் வீட்டில் கம்பாங் என்று ஒரு வாத்தியம். தொட்டில் மாதிரி ஒரு பெட்டி, அதன்மேல் வரிசையாகக் கட்டைகள். துணி சுற்றிய உருண்டைத் தலைக் குச்சியால் தட்டுவார். விறகுக் கட்டை பாடும் என்று அங்கம்மா அங்கேதான் கண்டாள். துணி சுற்றாத குச்சியை எடுத்து ஒரு தட்டுத் தட்டினாள். வாக் காதைப் பொத்திக்கொண்டார். "கெப்பாலா கெராஸ், சுவாரா கெராஸ்" என்றார். குச்சியின் தலை கடினமானால் சத்தமும் கடினமாம். மனிதனுக்கும் அதுதான் என்று என்னைக் காட்டி அங்கம்மா சொன்னாள். நான் அதைப் பெருமையாகவே எடுத்துக்கொண்டேன்.

அந்த வருஷம்தான் சிங்கப்பூரிலிருந்து ஒரு நாடகக் கம்பெனி ரயிலில் வந்து இறங்கி, கூலாய்க் கடைத்தெரு ஓரத்தில் கொட்டகை போட்டது. கம்பெனி வாத்தியார் பெயர் ஜெயபாலன். பட்டுச் சட்டை போட்டு, தலைமுடியைத் தோள்வரை விட்டிருந்தார். அவரிடம் சைலபோன் என்று ஒரு அதிசயம் இருந்தது. கறுத்த பலகைகள் இரண்டு வரிசை, ஒவ்வொன்றுக்கும் கீழே ஒரு பித்தளைக் குழாய். நான் யாரையும் கேட்டுத் தெரிந்துகொள்ள வெட்கப்படாதவன். கேட்டேன். அவர் சொன்னார்: "ஆப்பிரிக்காக்காரன் கட்டைக்குக் கீழே சுரைக்குடுக்கையைக் கட்டினான். ஐரோப்பாக்காரன் வைக்கோலைப் பரப்பி அதுமேல கட்டையை அடுக்கினான். அமெரிக்காக்காரன் குழாயைத் தொங்கவிட்டான். நம்மாளு கட்டையே வேணாம்னு கிண்ணத்துல தண்ணி ஊத்தித் தட்டினான், அது ஜலதரங்கம். எல்லாம் ஒரே குடும்பம்தான் தம்பி, தட்டுறவங்க குடும்பம்."

"அப்ப இதை ஏன் துணி போட்டு மூடி வச்சிருக்கீங்க?"

அவர் முகம் சுருங்கிவிட்டது. வாசித்துக்கொண்டிருந்த ஆளை சிங்கப்பூர் டான்ஸ் ஹால் ஒன்று அதிகச் சம்பளம் காட்டி இழுத்துக்கொண்டது. போகிறவன் குச்சிகளையும் கொண்டுபோய்விட்டான். வாசிக்கிறவன் குச்சி அவன் சொந்தச் சொத்து, கேட்கவும் முடியாது. வெறும் மூங்கில் குச்சியால் தட்டிப் பார்த்தார்களாம். தகரக் கூரையில் கொட்டைப்பாக்கு கொட்டிய மாதிரி இருந்ததாம். ஆனால் நாடகத்தில் ஒரு காட்சிக்கும் அடுத்த காட்சிக்கும் நடுவே திரை போட்டதும் ஏதாவது ஒரு வேடிக்கை வேண்டும். அதற்கு எக்ஸ்ட்ரா டர்ன் என்று பெயர். அது இல்லாவிட்டால் ஜனங்கள் கச்சான் கடலைத் தோலை மேடையில் எறிவார்கள். அடுத்த திங்கட்கிழமை ஜொகூர் பாருவுக்குப் போகிறார்கள். எக்ஸ்ட்ரா டர்ன் இல்லாமல் அங்கே போனால் மானம் போய்விடும்.

"என் பெண்டாட்டி மங்குல ஜலதரங்கம் வாசிப்பா" என்றேன். வாய் என்னுடையது, என்னைக் கேட்டா பேசும்?

"பொம்பளையா?"

"பொம்பளைதான். காது ரெண்டும் அவளோடது."

வாத்தியார் சிரித்தார். ஞாயிற்றுக்கிழமை மத்தியான ஆட்டத்தில் கூட்டி வா, தேறினால் கம்பெனியோடு அழைத்துப் போகிறேன் என்றார்.

அன்று சாயங்காலம் அங்கம்மாவிடம் சொன்னேன். கூத்துக்காரியாகப் போவதா என்று அவள் கேட்கவில்லை. "ரயிலு சத்தத்தை வெளியில நின்னே கேட்டுட்டு இருக்கேன் மாமா. உள்ளே உட்கார்ந்து கேட்டா எப்படி இருக்கும்?" என்று மட்டும் கேட்டாள். தேறினால் திங்கட்கிழமை ரயில். தேறாவிட்டால் திங்கட்கிழமை விடியலில் ஆள் கணக்கெடுக்கிற பெரட்டு, மறுபடி அதே நிரை. அவளுக்கு வேறு வழியே இல்லை.

சனிக்கிழமை நல்ல மங்காக ஏழு பொறுக்கினாள். தண்ணீர் ஊற்றி, விட்டு, எடுத்து, ஊற்றி, எருமை முதல் கொசு வரை சுதி சேர்த்தாள். கேட்டால் கல்லும் தலையாட்டும். ஆனால் கடைத்தெருவுக்குப் போகும் செம்மண் ரோடு குண்டும் குழியும். வாக் கர்த்தோவின் வண்டியில் ஏற்றினால் பாதித் தண்ணீர் வெளியே போய்விடும். போன இடத்தில் சுதி சேர்க்க நேரம் தருவார்களா?

அங்கேதான் என் மூளை வேலை செய்தது. ஊரில் ஒருத்தனுக்கும் தோன்றாத யோசனை. ஒவ்வொரு மங்கிலும் தண்ணீர் நின்ற இடத்தில் கரியால் கோடு போட்டேன். தண்ணீரைக் கொட்டிவிட்டு, அதே கோடு வரைக்கும் ரப்பர் பாலை ஊற்றி, ஆசிட் சொட்டி உறைய வைத்தேன். வண்டியே குடைசாய்ந்தாலும் ஒரு சொட்டு சிந்தாது! லயமே வந்து பார்த்தது. "கனகராஜு தொரையா பிறக்க வேண்டியவன்" என்று ஒரு கிழவர் சொன்னார். உண்மை.

ஞாயிற்றுக்கிழமை காலை வண்டி வாசலில் நிற்கும்போது அங்கம்மா மங்குகளை மூடியிருந்த துணியைத் தூக்கினாள்.

"ஒரு தட்டு தட்டிப் பாத்துக்கட்டா மாமா?"

"மேடையில தட்டு புள்ள. முகூர்த்தத்துக்கு முன்னாடி பொண்ணு முகத்தைத் தொறந்து காட்டுவாங்களா?"

கொட்டகை நிரம்பி வழிந்தது. சம்பளம் போட்ட ஞாயிறு. எங்கள் தோட்டமே வந்திருந்தது. கங்காணி வேலு முன் வரிசையில், தலைப்பாகையோடு. முதல் காட்சி முடிந்து திரை விழுந்தது. நான் மேடை ஏறி, "அன்பர்களே, உலகத்தில் முதன்முதலாகச் சிந்தாத ஜலதரங்கம்!" என்று முழங்கினேன். கைதட்டல். அங்கம்மா மஞ்சள் சேலையில் வந்து உட்கார்ந்தாள். குச்சியை ஓங்கினாள். எருமையைத் தட்டினாள்.

தொப்.

கங்காணியைத் தட்டினாள். தொப். என்னைத் தட்டினாள், ஆட்டுக்குட்டியைத் தட்டினாள், கொசுவைக்கூடத் தட்டினாள். தொப், தொப், தொப். நனைந்த தலையணையை அடித்த மாதிரி. ரப்பர் சத்தத்தை விழுங்கும் என்பது அன்றைக்கு வரை உலகத்துக்கே தெரியாது என்று வைத்துக்கொள்ளுங்கள். எனக்கே தெரியாதே!

கொட்டகை இடிந்துவிடுகிற மாதிரி சிரிப்பு. "என்னா கனகராஜு, தயிரு வித்துட்டுப் போக வந்தியா?" என்று கங்காணி கத்தினார். "இட்டிலி வெந்துருச்சு, இறக்கு தாயி!" என்று பின்னாலிருந்து ஒரு குரல். ஜெயபாலன் வாத்தியார் ஓரத்தில் நின்று தலையில் கை வைத்துக்கொண்டார்.

அங்கம்மா அழவில்லை. அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது! மங்கைக் கவிழ்த்தாள். உறைந்த பால் வெள்ளைக் கொழுக்கட்டை மாதிரி உள்ளங்கையில் விழுந்தது. அதை ஒரு அமுக்கு அமுக்கினாள். அது திரும்பி எழுந்தது. மறுபடி அமுக்கினாள், மறுபடி எழுந்தது. அப்புறம் மெதுவாகத் தலையைத் திருப்பி, மூலையில் துணி போட்டு மூடியிருந்த சைலபோனைப் பார்த்தாள்.

"மாமா! இதைப் பிழிஞ்சு குச்சியில சுத்துங்க. வாக் குச்சி மாதிரி. வெரசா!"

"வாத்தியாரே, அடுத்த காட்சி முடியிற வரைக்கும் விடுங்க" என்று கெஞ்சிவிட்டு அவளை உள்ளே இழுத்துக்கொண்டு ஓடினேன். வாத்தியார் திரையைத் தூக்கி, ராஜா வேஷக்காரரை மேடைக்குத் தள்ளிவிட்டார். இப்போது பாருங்கள் என் தொழில் திறமையை. சோடா புட்டியை உருளையாக்கி, அந்தக் கட்டிகளைத் தண்ணீர் போகத் தேய்த்துத் தகடாக்கினேன். நாடாவாகக் கிழித்தேன். வாக் கர்த்தோ மாட்டை ஓட்டும் பிரம்பைத் துண்டாக்கிக் கொடுத்தார். அதன் நுனியில் நாடாவை இழுத்து இழுத்துச் சுற்றி உருண்டையாக்கினேன். வாக் அமுக்கிப் பார்த்து, "லெம்புட், பகுஸ்" என்றார். மெத்தென்று நன்றாக இருக்கிறதாம்.

மறுபடி திரை விழுந்தது. துணியை உருவினோம். அங்கம்மா குள்ளம், சைலபோன் உயரம். பெருவிரலில் எம்பி நின்றாள். அவளைக் கண்டதுமே ஜனங்கள் "தொப், தொப்" என்று வாயால் தாளம் போட ஆரம்பித்துவிட்டார்கள். ஒரு குச்சியை ஓங்கினாள் பாருங்கள், அதன் தலை கழன்று, விர்ரென்று பறந்து, கங்காணியின் தலைப்பாகையில் போய்ப் பொதிந்தது!

"அடிப்பாவி, கொல்லப் பாக்குறா!"

"தோட்டத்துப் பாலைத்தான் திருப்பிக் குடுக்கிறேன் ஐயா!" என்றாள் அங்கம்மா.

நான் இன்னொரு குச்சியை நீட்டினேன். இது நான் பல்லால் கடித்து இறுக்கியது. அவள் ஒரு கனத்த பலகையைத் தட்டினாள்.

அந்தச் சத்தம். எப்படிச் சொல்வது? கிணற்றுக்குள் பழுத்த பலாச்சுளை விழுந்தால் இனிப்பே சத்தம் போடுமானால் அப்படி. குழாய் வழியாக இறங்கி, பலகைத் தரையில் நடந்து, எங்கள் உள்ளங்காலில் ஏறியது. கூட்டம் கப்பென்று அடங்கியது.

"எருமை இங்க இருக்கு" என்றாள், யாரோடும் பேசாத குரலில். ஒரு பலகை தள்ளித் தட்டினாள். "இது கங்காணி." ஜனங்கள் கங்காணியைப் பார்த்தார்கள். "மாமா இங்க. ஆட்டுக்குட்டி. ரயிலு. ஐயே, கொழுந்தியா ரெண்டு பேரு இருக்காங்களே!" சிரிப்பு மறுபடி கிளம்பியது. ஆனால் இப்போது அது அவளோடு சேர்ந்த சிரிப்பு. கொசுவைத் தேடிக் கடைசிப் பலகைக்கு ஓடினாள். கிடைத்தது.

அப்புறம் பிடித்தாள் கும்மிப் பாட்டை. நிரையில் ஓடினவள் அல்லவா? இந்த முனையிலிருந்து அந்த முனைக்கு ஓடி ஓடித் தட்டினாள். சேலை முந்தானை ஒரு பக்கம் பறக்கிறது, இரண்டு குச்சியும் மழை மாதிரி இறங்குகிறது. மிருதங்கக்காரர் தாங்கமாட்டாமல் சேர்ந்துகொண்டார். எங்கள் லயத்துப் பெண்கள் எழுந்து வட்டம் கட்டினார்கள். பெஞ்சு இரண்டு சாய்ந்தது. வேடம் போட்டிருந்த ராஜா கிரீடத்தோடு இறங்கி வந்து கும்மியடித்தார். கங்காணிகூடத் தொடையில் தாளம் போட்டார். நான் பார்த்தேன், அவர் மறுத்தாலும் நான் விடமாட்டேன். பாட்டு முடிந்ததும் அங்கம்மா அதையே தலைகீழாக வாசித்தாள். அதற்கும் ஆடினார்கள்.

ஜெயபாலன் வாத்தியார் மேடைக்கு வந்து இரண்டு கையையும் கூப்பினார். "நாளைக்குக் காலையில ரயிலு, அம்மா. வந்துரு."

"இவ போயிட்டா என் நிரையை யாரு வெட்டுறது?" என்று கீழேயிருந்து கங்காணி.

"குச்சி அறுந்தா யாரு கட்டுறது?" என்று மேலேயிருந்து நான். இப்படி ஒரு கேள்வியைச் சரியான நேரத்தில் கேட்கத் தெரிந்தவன்தான் வாழ்க்கையில் முன்னுக்கு வருவான். வாத்தியார் என்னைப் பார்த்தார், என் கையிலிருந்த பிரம்பைப் பார்த்தார், "ரெண்டு டிக்கெட்" என்றார்.

அங்கம்மா மூச்சு வாங்கியபடி நின்றாள். நெற்றிப் பொட்டு வியர்வையில் கரைந்து மூக்குவரை வந்திருந்தது. நன்றி சொல்வாள், காலில் விழுவாள் என்று எல்லோரும் பார்த்துக்கொண்டிருக்கிறோம்.

"வாத்தியாரே, ரயில்ல ஏத்துறதுக்கு முன்னாடி இதோட காலை ஒரு சாண் அறுத்துருங்க. ஜொகூர் பாரு வரைக்கும் நான் பெருவிரல்லயே நிக்கவா?"

நான் ரம்பம் தேடிக் கடைத்தெருவில் ஓடினேன்.