வாசலில் சொல்லும் வசனம்

பதினெட்டு வருடம் தொலைக்காட்சித் தொடரில் இன்ஸ்பெக்டராக நடித்தவரின் சொந்தப் பெயரே தெருக்காரர்களுக்கு மறந்துவிட்டது. அடிதடி, துப்பாக்கியெல்லாம் கதாநாயகனுக்கு. வீடு வீடாகப் போய்ச் சாவுச் செய்தி சொல்கிற வேலைதான் இவர் தலையில் விழுந்தது. தொப்பியைக் கழற்ற வேண்டும், உட்காரச் சொல்ல வேண்டும், "வீட்டுல கூட யாராவது இருக்காங்களா?" என்று கேட்ட பிறகுதான் விஷயத்துக்கு வர வேண்டும். "அந்த மூஞ்சியோட உள்ள வராதீங்க" என்று மனைவி வாசலிலேயே மறித்துக் கிண்டலடிப்பாள்.

அன்று மதியம் அவள் பஸ் ஏறித் துணிக்கடைக்குப் போயிருந்தாள். சாயங்காலம் நிஜப் போலீஸ்காரர் ஒருவர் வந்து நின்றார். கதவைத் திறந்தவரின் முகத்தை அவர் உடனே அடையாளம் கண்டுகொண்டார்.

"சார்... நீங்களா... பஸ் ஒண்ணு..."

இவருக்கு எல்லாம் புரிந்துவிட்டது. கூடவே பொல்லாத கோபமும் வந்தது.

"இப்படியா சொல்றது? முதல்ல தொப்பியைக் கழட்டுங்க. என்னை உட்காரச் சொல்லுங்க. அப்புறம் கேளுங்க."

போலீஸ்காரர் தொப்பியைக் கழற்றினார். "உட்காருங்க சார். வீட்டுல... கூட யாராவது இருக்காங்களா?"

"மத்தியானம் வரைக்கும் இருந்தா சார்."