புதன்கிழமைப் பரீட்சை

துளசியின் நாள் மூன்று பேருக்குப் பங்கு வைத்த ஒரு தட்டுச் சோறு. காலையில் மலேசியாவின் ஈப்போ நகரக் கல்லூரியில் மின்னியல் டிப்ளோமா. மதியம் இரண்டு மணி முதல் சிம்பாங் பூலாயில் ஷரபுதீனின் சாப்பாட்டுக் கடையில் வேலை. கேமரன் மலையிலிருந்து காய்கறி லோரியோடு இறங்கும் பவித்ரன் நாலரைக்கு அங்கேதான் தேநீர் குடிப்பான். அந்தக் கால் மணி நேரம்தான் அவர்களுடைய காதல். அதிலும் பாதி மேசை துடைப்பதில் போய்விடும்.

ஆடி பிறப்பதற்குள் பூ வைத்துவிட வேண்டும் என்று பவித்ரனின் அம்மா காளியம்மா நாள் குறித்துவிட்டார். பொன் கிடைத்தாலும் புதன் கிடைக்காதாம். தோட்டக் குடியிருப்பிலுள்ள துளசியின் வீட்டில், புதன் காலை, பன்னிரண்டு மணிக்குள். அதே புதன் பதினொன்றரை வரை துளசிக்குப் பரீட்சை. ஏற்கெனவே ஒருமுறை கோட்டைவிட்ட பாடம்; இம்முறையும் தவறினால் படிப்பே போச்சு. கல்லூரியிலிருந்து தோட்டத்துக்கு ஒரு மணி நேரப் பயணம்.

அம்மா கோபித்துக்கொள்வார், ஒரு பரீட்சைதானே என்று பவித்ரன் இழுத்தான். துளசிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எல்லாரிடமும் கெஞ்சுவதாக அவள் என்ன நேர்த்திக்கடனா வைத்திருக்கிறாள்?

"லெக்சரர்கிட்ட நான்தான் பேசுறேன். முதலாளிகிட்ட நான்தான் பேசுறேன். உங்கம்மாகிட்டயும் நானே பேசணுமா? இத மட்டும் நீ பேசு லா. நான் பரீட்சைக்குத்தான் போவேன்."

அவன் எழுந்து போனான். அடுத்த இரண்டு நாளும் லோரி கடையில் நிற்கவில்லை. நாலரை ஆனதும் துளசி சாலையைப் பார்த்தாள். ஆனாலும் புத்தகத்தை மூடவில்லை. போகிறவன் போகட்டும், இந்தப் பாடத்தை விடுவதாயில்லை என்று பல்லைக் கடித்துக்கொண்டு படித்தாள். புதனன்று கடைசிக் கேள்வி வரை எழுதினாள்.

வெளியே வந்தபோது கல்லூரி வாசலில் ஒரு வேன் நின்றது. பக்கத்தில் வேட்டி கட்டிய பவித்ரன், காவலாளி பார்க்கிறாரே என்று நெளிந்துகொண்டிருந்தான். வேனுக்குள் தாம்பாளத்தோடு காளியம்மா. கூடவே, தோட்டத்துக்குப் போய் அவர்கள் ஏற்றிக்கொண்டு வந்திருந்த துளசியின் அம்மா.

"அம்மாகிட்ட பேசிட்டேன்," என்றான் பவித்ரன். "சம்மதிக்க வைக்க ரெண்டு நாள் ஆச்சு."

துளசி வாயைத் திறப்பதற்குள் காளியம்மா இறங்கி வந்தார். முகத்தில் கோபம் முழுதாக ஆறியிருக்கவில்லை. மணியைப் பார்த்தார், பதினொன்று நாற்பது.

"பரீட்சை எப்படிம்மா எழுதுன?" என்று கேட்டார்.

நல்லா எழுதியிருக்கேன் என்று துளசி சொன்ன பிறகுதான், தாம்பாளத்திலிருந்து பூவை எடுத்தார்.