பன்னிரண்டாம் தேதி அளந்தவர்

உடையார்பாளையம் மணிவேலின் அப்பா கடைசிவரை அடுத்தவர் வயலில்தான் மண்வெட்டி பிடித்தார். மணிவேல் பதினேழு வயதில் கரணை பிடித்து, கொத்தனாராகி, நாற்பதில் அரசாங்க கான்ட்ராக்டராகப் பதிவு செய்துகொண்டார். தா.பழூர்ப் பக்கம் ஓர் ஓடையின் மேல் சிறுபாலம் கட்டுவது அவருக்குக் கிடைத்த முதல் பெரிய வேலை. மனைவி சாந்தாவின் நகையெல்லாம் அடகுக்குப் போய்த்தான் பாலம் எழுந்தது.

இன்ஜினியர் நேரில் வந்து அளந்து, அளவுப் புத்தகத்தில் எழுதினால்தான் பில் பாஸாகும். அசோக் சார் லீவு என்று ஆபீசில் மூன்று வாரமாகச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். ஜூன் மாதம் ஒரு நண்பகல், ஆட்கள் சாப்பிடப் போயிருந்த நேரத்தில், அசோக் பாலத்தின் மேல் நின்றுகொண்டிருந்தார். கையில் புத்தகம். வண்டியைக் காணவில்லை.

"எப்ப சார் வந்தீங்க? மோரு வாங்கியாரட்டுங்களா?"

"வேணாம். டேப்பப் பிடிங்க."

அந்த வெயிலில் அவர் நெற்றியில் ஒரு துளி வியர்வை இல்லை. ஒரு பக்கக் கைப்பிடிச் சுவர் பாதி நீளம்தான் எழுந்திருந்தது.

"மீதிய வர்ற வாரம் முடிச்சுடறேன் சார்."

"முடிச்சுடுவீங்க" என்று சொல்லிக்கொண்டே எழுதினார். பிறகு தலையைத் தூக்காமலே கேட்டார்: "இன்னைக்குத் தேதி என்ன?"

"பன்னண்டு சார்."

மணிவேல் டேப்பைச் சுருட்டிவிட்டு நிமிர்ந்தார். பாலத்தில் யாரும் இல்லை. ரோடு இரண்டு பக்கமும் கண்ணுக்கெட்டிய தூரம் காலியாகக் கிடந்தது.

அடுத்த மாதம் ஆபீசில் கிளார்க் புத்தகத்தைப் புரட்டியவர் அப்படியே நின்றுவிட்டார்.

"அசோக் சார் ஜூன் ஒம்போதாந் தேதியே திருச்சி ஆஸ்பத்திரியில எறந்துட்டாரு. பன்னண்டாந் தேதி போட்டு யாருய்யா கையெழுத்துப் போட்டது?"

புத்தகம் அதுவரை அசோக்கின் பூட்டிய மேஜைக்குள்தான் இருந்தது. கையெழுத்தும் அவருடையதுதான். பில்லை நிறுத்திவிட்டார்கள்.

இரண்டு வருடம் அலைந்த பிறகு மணிவேல் சென்னை ஹைகோர்ட்டுக்குப் போனார். வக்கீல் கலையரசி அரியலூர்க்காரர். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "தேதியத் தப்பா எழுதிட்டாருன்னு ஒரு வரி சேத்தா கேசு சுலபம்ணே" என்றார்.

"நான் சொல்லித்தாம்மா அவரு எழுதுனாரு. தப்புன்னு எப்படிச் சொல்லுவேன்?"

கலையரசி ஃபைலைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். "சரி. பாலம் நிக்குதுல்ல? அத அளக்கச் சொல்லிக் கேப்போம்."

வேறு இன்ஜினியரை வைத்து அளந்து எட்டு வாரத்துக்குள் பணம் கொடுக்கும்படி கோர்ட் உத்தரவிட்டது. கவியா என்ற இளம் இன்ஜினியர் வந்தார். ஒவ்வொன்றாக அளந்து, பழைய புத்தகத்தோடு ஒப்பிட்டுக்கொண்டே போனார். எல்லாம் ஒத்துப்போயிற்று. கடைசியில் கைப்பிடிச் சுவர். கம்பி போதாமல் மணிவேல் அதன் நீளத்தில் அரையடி குறைத்து முடித்திருந்தார். அதை அவர் யாரிடமும் சொன்னதில்லை.

"ஏழு மீட்டர் நாப்பத்திரண்டு. புக்குலயும் அதேதாங்க இருக்கு" என்றார் கவியா.

அசோக் எழுதிய அன்று அந்தச் சுவர் அவ்வளவு நீளம் இல்லை. மணிவேல் டேப்பைச் சுருட்டினார்.

வட்டி கிடைக்கவில்லை, அசல் வந்தது. நகையை மீட்ட மறுநாள் பெரம்பலூருக்கு பஸ் ஏறினார். அசோக்கின் மனைவி புஷ்பவல்லி கதவைத் திறந்தார். மணிவேல் நடந்ததை ஒன்றும் மறைக்காமல் சொன்னார். அந்தம்மா கோபப்படுவார், இல்லை அழுவார் என்று நினைத்திருந்தார்.

"பேசுனாருங்களா?" என்றுதான் புஷ்பவல்லி கேட்டார்.

"நல்லாப் பேசுனாரும்மா."

"ஆஸ்பத்திரியில பதினோரு நாளு ஒரு வார்த்தை பேசலீங்க. கையப் புடிச்சுக்கிட்டுக் கேட்டுக்கிட்டே இருந்தேன்." முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். பிறகு நாற்காலியை அருகில் இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "என்னென்ன சொன்னாரு? ஒண்ணு விடாமச் சொல்லுங்க."

மணிவேல் சொன்னார். நாலைந்து வார்த்தைதான் இருந்தது. முடித்ததும் அந்தம்மா, "இன்னொரு தடவ சொல்லுங்க" என்றார்.