செருப்பு ஓடுகிற படம்

பதினோரு வருஷமாக ஆம்பூர் ஷூ கம்பெனி ஒன்றில் அமிர்தவள்ளிக்குத் தையல் மெஷின் வேலை. காலையில் வாசலிலேயே போனை வாங்கி வைத்துக்கொண்டு, சாயங்காலம்தான் கொடுப்பார்கள். அதனால் அவள் எடுக்கிற குறும்படமெல்லாம் பேரணாம்பட்டுக்குத் திரும்புகிற கம்பெனி பஸ்ஸுக்குள்தான். கதை கிடையாது, வசனம் கிடையாது. ஏதாவது ஒன்று நகரும், அவ்வளவுதான்.

பஸ் ஏறியதும் பெண்கள் செருப்பைக் கழற்றிவிட்டுக் காலைச் சீட்டின்மேல் மடக்கிக்கொள்வது வழக்கம். டிரைவர் பிரேக் போட்டால் நாற்பது ஜோடியும் முன்னால் ஓடும், மேடு ஏறினால் பின்னால் வரும். இறங்குகிறவள் தன் ஜோடியைத் தேடி ஒற்றைக்காலில் நொண்டுவாள். தரையோடு தரையாகப் போனை வைத்து இதை நாலு நிமிடப் படமாக எடுத்திருந்தாள். பஸ்ஸில் பார்த்தவர்களுக்கெல்லாம் சிரித்துச் சிரித்து வயிறு வலித்தது.

வேலூரில் பயணக் குறும்பட விழா நடத்துகிற ஜெயப்பிரகாஷ் அதைக் கேட்டு வாங்கினான். "சவுண்டு மட்டும் கொஞ்சம் சரி பண்ணிக்கிறேன்க்கா" என்றான். இவளும் தலையாட்டித் தொலைத்தாள்.

விழாவுக்குப் பக்கத்து மெஷின் மெஹக்கையும் இன்னும் எட்டுப் பேரையும் பெருமையாகக் கூட்டிப் போனாள். விளக்கு அணைந்து அவள் படம் தொடங்கியதும் புல்லாங்குழல் மூக்கால் அழுதது. அதன்மேல் ஓர் ஆண்குரல்: "உலகுக்கே காலணி தைக்கும் இவர்கள், வெறுங்காலோடு வீடு திரும்புகிறார்கள்." யாரோ உச்சுக் கொட்டினார்கள். அமிர்தவள்ளி திரையை உற்றுப் பார்த்தாள். கண்ணெதிரே நாற்பது ஜோடி ஓடுகிறது, வெறுங்காலாம்!

மெஹக் அவள் பக்கம் திரும்பினாள். "இன்னா அமிர்தா, நம்மள பிச்சக்காரியா காட்டத்தான் எடுத்தியா?"

அமிர்தவள்ளி சட்டென்று எழுந்து, ஸ்பீக்கர் பக்கத்தில் நின்றிருந்த ஜெயப்பிரகாஷிடம் போனாள்.

"அந்தக் கொரல நிறுத்துப்பா."

"சும்மா இருங்கக்கா. ஜட்ஜுங்களே அழுவுறாங்க. பிரைஸ் உங்களுக்குத்தான்."

அவன் இளிப்பைப் பார்க்கவே அருவருப்பாக இருந்தது. ஸ்பீக்கர் வயரைப் பிடுங்கிவிட்டாள். படம் சத்தமில்லாமல் ஓடியது. பஸ் பிரேக் போட்டது. அத்தனை செருப்பும் சறுக்கிக்கொண்டு முன்னால் பாய்ந்தன.

"அய்யோ, அது என்னுது!" என்று கத்தினாள் மெஹக். ஒன்பது பேரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அமிர்தவள்ளிக்கு அப்போதுதான் மூச்சே வந்தது.

முன்வரிசையில் இருந்த நடுவர் அம்மாள், கண்ணைத் துடைத்துக்கொண்டே அவர்கள் பக்கம் திரும்பினாள். "ஏழைங்க கஷ்டம் ஓடிட்டிருக்கு. கொஞ்சம் மரியாதையா பாருங்கம்மா."

அமிர்தவள்ளி கையிலிருந்த வயரை அந்த அம்மாளின் மடியில் போட்டுவிட்டு, தன் ஆட்களைக் கூட்டிக்கொண்டு வெளியே வந்தாள்.